மட்டக்களப்பில் மாநகர முதல்வர் ஆவது எப்படி: வாக்காளர் இடாப்பில் பெயர் பதிவதிலிருந்து பாதீடு (வரவு செலவுத் திட்டம்) வரை

தேர்தல் அறிவித்தல் வந்த நாளிலிருந்து நியமனப் பத்திரம் (வேட்புமனு) ஒப்படைக்கும் கடைசி நேரம் வரை உங்கள் கையில் இருப்பது ஏறத்தாழ 17 நாள்தான். 2025 இல் மார்ச் 3 ஆம் திகதி அறிவித்தல் வந்தது. மார்ச் 20 நண்பகல் 12 மணிக்குக் கதவு மூடப்பட்டது. அந்த 17 நாளுக்குள் ஆள் தேடி, பிறப்புச் சான்றிதழ் தேடி, சமாதான நீதவானைத் தேடி அலைந்தவர்கள்தான் கூடுதலாக அடிபட்டார்கள். ஆகவே இதைத் தேர்தல் இல்லாத காலத்தில் வாசியுங்கள். பாதி வேலை அப்போதே முடிக்கக் கூடியது.

இங்கே சொல்வது மட்டக்களப்பு மாநகர சபையை வைத்து. அம்பாறை மாவட்டத்தில் கல்முனை, அக்கரைப்பற்று மாநகர சபைகளுக்கும் இதே சட்டம்தான். காத்தான்குடி, ஏறாவூர், அம்பாறை ஆகியவை நகர சபைகள். அங்கே முதல்வர் இல்லை, தவிசாளர்.

1. முதலில் விளங்கிக்கொள்ள வேண்டியது: முதல்வருக்கென்று வாக்குச்சீட்டு கிடையாது

சுவரொட்டியில் "எமது மேயர் வேட்பாளர்" என்று எவ்வளவு பெரிதாகப் போட்டாலும், வாக்குச்சீட்டில் அப்படி ஒரு இடமே இல்லை. வாக்காளர் தன் வட்டாரத்தில் ஒரு கட்சிக்கு அல்லது சுயேச்சைக் குழுவுக்கு ஒரு புள்ளடி போடுகிறார். விருப்பு வாக்கும் கிடையாது. அந்த ஒரு புள்ளடியே வட்டார உறுப்பினரையும் தீர்மானிக்கிறது, விகிதாசாரக் கணக்குக்கும் போகிறது. ஆசனங்களில் 60 வீதம் வட்டாரத்தால், 40 வீதம் விகிதாசாரக் கணக்குப்படி கட்சிப் பட்டியலால்.

ஆக, நீங்கள் கடக்க வேண்டிய படிகள் நான்கு. முதலில் நியமனப் பத்திரம் தப்ப வேண்டும். பிறகு உறுப்பினராக வேண்டும். பிறகு உங்கள் கட்சிச் செயலாளர் உங்கள் பெயரைச் சொல்ல வேண்டும். கடைசியாகச் சபை மண்டபத்தில் பெரும்பான்மை வேண்டும். ஊருக்குள் எவ்வளவு செல்வாக்கு இருந்தாலும் இந்த நான்கில் ஒன்று பிசகினால் கதிரை இல்லை.

2. நீங்கள் தகுதியானவரா?

வயது 18 நிறைந்திருக்க வேண்டும். இலங்கைப் பிரசையாக இருக்க வேண்டும். மாநகர சபை எல்லைக்குள் வதிபவராக, வாக்காளர் இடாப்பில் பெயர் உள்ளவராக இருக்க வேண்டும். கடை புளியந்தீவில், வீடு ஆரையம்பதியில் என்றால் நீங்கள் மாநகர சபைக்குப் போட்டியிட முடியாது. ஆண்டுதோறும் இடாப்புத் திருத்தம் நடக்கும்போது கிராம உத்தியோகத்தரிடம் போய்ப் பெயர் சரியாக விழுந்திருக்கிறதா என்று பாருங்கள். அடையாள அட்டையில் ஒரு எழுத்து, இடாப்பில் வேறு எழுத்து என்றால் அதையும் அப்போதே திருத்துங்கள்.

ஆட்கள் கவனிக்காமல் விடுகிற தகுதியின்மை ஒன்று உண்டு. மாநகர சபையோடு ஒப்பந்தம் வைத்து அதனால் பயன் பெறுகிறவர் உறுப்பினராக இருக்க முடியாது. வடிகான் வேலை எடுத்தவர், சபைக்கு வாகனம் வாடகைக்கு விட்டவர் எல்லாம் இதற்குள் வரலாம். வேறொருவர் பெயரில் மறைமுகமாகச் செய்தாலும் சட்டம் அதைப் பிடிக்கும். ஒப்பந்தத்தை முடித்து, கணக்குத் தீர்த்து, கடிதம் எடுத்து வைத்துக்கொண்டு வாருங்கள்.

மாநகர சபை ஊழியர்கள் அந்தச் சபைக்கே போட்டியிட முடியாது. மற்ற அரச உத்தியோகத்தர்கள் தங்கள் பதவிக்கு அரசியல் உரிமை உண்டா என்பதைத் திணைக்களத்தில் எழுத்தில் கேட்டு எடுங்கள். "பிரச்சினை இல்லை, போடுங்கோ" என்று வாயால் சொல்வதை நம்பி இறங்க வேண்டாம்.

3. கட்சியா சுயேச்சையா, வட்டாரமா பட்டியலா?

தனியாளாகப் போட்டியிட இந்த முறையில் வழியில்லை. சுயேச்சை என்றாலும் குழுவாக, முழுப் பட்டியலோடுதான் வர வேண்டும். இரண்டு நியமனப் பத்திரங்கள் உண்டு: ஒன்று வட்டார வேட்பாளர்களுக்கு, மற்றது மேலதிகப் பட்டியலுக்கு. பட்டியல் ஆசன எண்ணிக்கையோடு மூன்று பேரைக் கூட்டி மேலதிகப் பட்டியல் போட வேண்டும். வட்டாரப் பத்திரத்தில் குறைந்தது 10 வீதம் பெண்கள், மேலதிகப் பட்டியலில் 50 வீதம் பெண்கள். அதோடு 18 முதல் 35 வயது வரையான இளையோருக்கும் 25 வீத ஒதுக்கீடு.

கணக்காகப் பார்ப்போம். 20 வட்டார ஆசனம், 13 பட்டியல் ஆசனம் உள்ள ஒரு சபை என்று வைத்துக்கொள்ளுங்கள். வட்டாரத்துக்கு 20 பேர், அதில் குறைந்தது 2 பெண்கள். பட்டியலுக்கு 16 பேர், அதில் குறைந்தது 8 பெண்கள். மொத்தம் 36 பேரில் குறைந்தது 9 இளையோர். மொத்த வேட்பாளர் எண்ணிக்கையைத் தேர்தலை நடத்தும் தெரிவத்தாட்சி அலுவலரின் அறிவித்தலிலேயே போடுவார்கள்; மொத்தம் அதற்குக் கூடவும் கூடாது, குறையவும் கூடாது.

இப்போது முதல்வர் கனவு உள்ளவருக்கான முக்கியமான இடம். வட்டாரத்தில் தோற்றாலும் பட்டியலில் வந்துவிடலாம் என்று பலர் ஆறுதல் கொள்கிறார்கள். பட்டியலில் யார் போவது என்பதைத் தீர்மானிப்பவர் கட்சிச் செயலாளர், சுயேச்சை என்றால் குழுத் தலைவர். பட்டியலில் முதலாவதாகப் பெயர் இருப்பதால் எந்த உரிமையும் இல்லை. அதற்கு மேல், சபையில் 25 வீதம் பெண்கள் இருக்க வேண்டும் என்ற விதி உண்டு. வட்டாரங்களில் வென்றவர்கள் எல்லாரும் ஆண்கள் என்றால், அந்தக் கட்சிக்குரிய பெண்களின் பங்கைப் பட்டியலில் இருந்துதான் நிரப்ப வேண்டும். அப்போது தோற்ற ஆண் வேட்பாளருக்கு இடமே மிஞ்சாமல் போகலாம். முதல்வராக நினைப்பவர் வெல்லக்கூடிய வட்டாரம் ஒன்றைக் கேட்டு வாங்குங்கள். அதோடு இரண்டு மூன்று வட்டாரங்களில் வெல்லக்கூடிய பெண்களை நிறுத்தச் சொல்லி நீங்களே கட்சியோடு வாதாடுங்கள். அது அவர்களுக்கு நியாயம், உங்களுக்கும் பாதுகாப்பு.

4. ஆவணக் கோப்பு

ஒவ்வொரு வேட்பாளருக்கும் தனித்தனிக் கோப்பு உறை ஒன்று போடுங்கள். உறைக்குள் இருக்க வேண்டியவை: அடையாள அட்டைப் பிரதி, இடாப்பில் பெயர் இருக்கும் பக்கத்தின் விபரம், இளையோர் என்றால் பிறப்புச் சான்றிதழ், அரசியலமைப்பின் ஆறாவது திருத்தத்தின்படியான (தனிநாட்டை ஆதரிக்க மாட்டேன் என்ற) சத்தியம், கையொப்பத்தோடு, சொத்து, பொறுப்பு விபரக்கூற்று.

பிறப்புச் சான்றிதழில்தான் 2025 இல் நாடு முழுக்கப் பட்டியல்கள் விழுந்தன. இளைஞர் ஒருவரின் பிரதி உறுதிப்படுத்தப்படவில்லை என்பதற்காக முழுப் பட்டியலுமே நிராகரிக்கப்பட்டது. சில குழுக்கள் நீதிமன்றம் போய் மீண்டு வந்தன. ஆனால் வழக்குக்குப் போன பணமும், பிரசாரத்தில் போன கிழமைகளும் திரும்பவில்லை. இளையோர் என்று நீங்கள் கணக்கில் காட்டும் ஒவ்வொருவருக்கும் பிரதேச செயலகத்தில் புதிதாக உறுதிப்படுத்திய பிரதி எடுங்கள். பழைய பிரதியைப் போட்டோக்கொப்பி எடுத்து அதில் ஒரு முத்திரை குத்துகிற வேலை வேண்டாம். பத்திரத்தை மேசையில் விரித்து, ஒருவர் வாசிக்க மற்றவர் சரிபார்க்க வேண்டும்: பெயர், இலக்கம், கையொப்பம், முத்திரை, திகதி. இந்த வேலைக்கு இரண்டு பேர் ஒரு முழுநாள் இருக்க வேண்டும். கையொப்பம் இல்லாத சத்தியக் கடதாசி ஒன்று கட்டுக்குள் ஒளிந்திருப்பது அடிக்கடி நடக்கிறது.

இளையோர் எண்ணிக்கையும் பெண்கள் எண்ணிக்கையும் விளிம்பில் நிற்கக் கூடாது. 9 பேர் வேண்டும் என்றால் 11 பேர் போடுங்கள். ஒருவரின் ஆவணம் பிழைத்தாலும் மற்றவர் தாங்குவார்.

5. செலவு

கட்டுப்பணம் (வைப்புத் தொகை): அங்கீகரிக்கப்பட்ட கட்சி என்றால் ஒரு வேட்பாளருக்கு 1,500 ரூபாய், சுயேச்சைக் குழு என்றால் 5,000 ரூபாய். மேலே சொன்ன 36 பேர் பட்டியலுக்குக் கட்சிக்கு 54,000, சுயேச்சைக்கு 180,000. கட்டுப்பணம் கட்டும் கடைசி நேரம் நியமனப் பத்திரத்தின் கடைசி நாள் அல்ல, அதற்கு முதல் நாள் நண்பகல். 2025 இல் மார்ச் 19. கட்டுப்பணத்தையும் பத்திரத்தையும் ஒரே நாளில் கொண்டு போகலாம் என்று நினைத்து இருப்பவர்கள் அந்த இடத்திலேயே வெளியே போகிறார்கள்.

பிரசாரச் செலவுக்கு இப்போது உச்சவரம்பு உண்டு. 2023 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கச் சட்டத்தின்படி தேர்தல் ஆணைக்குழு ஒவ்வொரு சபைக்கும் ஒரு வாக்காளருக்கு இவ்வளவு என்று தொகை குறிக்கிறது. 2025 இல் இது சபைக்குச் சபை 74 ரூபாயிலிருந்து 160 ரூபாய் வரை இருந்தது. தேர்தல் பெறுபேறு வெளியாகி 21 நாளுக்குள் செலவுக் கணக்கை ஒப்படைக்க வேண்டும். தோற்றவரும் கொடுக்க வேண்டும், ஒரு சதமும் செலவழிக்காதவரும் கொடுக்க வேண்டும். முதல் நாளிலிருந்தே ஒரு கொப்பி போட்டு, ஒவ்வொரு பற்றுச்சீட்டையும் அதில் ஒட்டுங்கள். ஒலிபெருக்கி வாடகை, துண்டுப்பிரசுரம், முச்சக்கர வண்டி, தேநீர்ச் செலவு எல்லாம் எழுதுங்கள்.

எங்கள் பக்கத்தில் சுவிஸ், லண்டன், கனடா உறவுகள் பணம் அனுப்புவது வழமை. யார் அனுப்பினார், எவ்வளவு, எந்த வங்கி என்று எழுத்தில் இல்லாத பணத்தைத் தொடாதீர்கள். அடையாளம் தெரியாத ஆளிடமிருந்தும், வெளிநாட்டு அரசு, நிறுவனங்களிடமிருந்தும் பணம் வாங்குவது சட்டத்துக்கு விரோதம். நல்ல மனதோடு அனுப்புகிறவரும் தெரியாமல் உங்களை மாட்டிவிடலாம்.

6. நியமன நாள்

பத்திரத்தைக் கட்சிச் செயலாளர் அல்லது அதிகாரம் பெற்ற முகவர்தான் கையளிக்க வேண்டும். சுயேச்சை என்றால் குழுத் தலைவர். கடைசி நாள் காலை 11.30 மணிக்குக் கச்சேரி (மாவட்ட செயலகம்) வாசலில் நிற்கிற நிலைமை வேண்டாம். அதற்கு முதல் நாளே ஒப்படைத்துவிடுங்கள். நண்பகலுக்குப் பிறகு ஒன்றரை மணி நேரம் ஆட்சேபனைக்கு உண்டு. அந்நேரம் சட்டத்தரணி ஒருவர் பக்கத்தில் இருக்கட்டும். ஆட்சேபனை வந்தால் சத்தம் போடாமல் உங்கள் கோப்பைத் திறந்து காட்டுங்கள். அதற்குத்தான் அந்த உறைகள்.

வாக்கெடுப்பு நியமன நாளிலிருந்து ஐந்து தொடக்கம் ஏழு கிழமைக்குள் வரும். 2025 இல் மே 6. கல்முனை மாநகர சபைக்கு மட்டும் வழக்கு இருந்ததால் அன்று வாக்கெடுப்பு நடக்கவில்லை.

7. பெறுபேறு முதல் கதிரை வரை

உங்கள் கட்சிக்கு அரைவாசி ஆசனம் கிடைத்திருந்தால் செயலாளர் முதல்வரையும் பிரதி முதல்வரையும் பெயர் குறித்து அனுப்புவார், அதோடு முடிந்தது. மட்டக்களப்பில் அது லேசில் நடப்பதில்லை. 2018 இல் தமிழரசுக் கட்சி கூடுதலான ஆசனங்களை எடுத்தும் தனிப் பெரும்பான்மை இல்லாமல்தான் தியாகராஜா சரவணபவன் முதல்வரானார். ஆகவே பெறுபேறு வந்த இரவே மற்றக் குழுக்களோடு பேசத் தொடங்க வேண்டும். முதல் கூட்டம் வரை சில கிழமைகள் கிடைக்கும். 2025 சபைகளின் காலம் ஜூன் 2 இல்தான் தொடங்கியது.

எந்தக் கட்சிக்கும் அரைவாசி இல்லை என்றால், முதல் கூட்டத்தை உள்ளூராட்சி ஆணையாளர் கூட்டித் தலைமை தாங்குவார். முன்மொழிபவர் ஒருவர், வழிமொழிபவர் ஒருவர் வேண்டும். ஒரே பெயர் என்றால் போட்டியின்றித் தெரிவு. இரண்டு பெயர் வந்தால் பகிரங்க வாக்கெடுப்பா இரகசிய வாக்கெடுப்பா என்பதை முதலில் உறுப்பினர்களே தீர்மானிப்பார்கள். உண்மையான போட்டி பெரும்பாலும் இந்தக் கேள்வியில்தான் நடக்கிறது. உங்கள் பக்கம் ஆள் உறுதி என்றால் பகிரங்கம் கேளுங்கள். இரண்டு பேரும் சமன் என்றால் திருவுளச்சீட்டு. மூன்று பேர் நின்று எவருக்கும் பாதிக்கு மேல் இல்லை என்றால் கடைசியில் நிற்பவரை நீக்கிவிட்டு மீண்டும் வாக்கெடுப்பு.

ஆதரவு தருபவருக்கு எதைக் கொடுப்பதாகச் சொன்னீர்களோ அதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கொடுக்க முடியாததை, முக்கியமாக வேலைவாய்ப்பை, ஒருபோதும் சொல்லாதீர்கள். சபைக்கு ஆள் எடுப்பது உங்கள் கையில் தனியே இல்லை.

8. அலுவலகத்தில் முதல் மாதம்: எது உங்களுடையது, எது இல்லை

முதல்வரே நிறைவேற்று அதிகாரி. ஆனால் அன்றாட நிர்வாகம் மாநகர ஆணையாளர், கணக்காளர், பொறியியலாளர் வழியாகத்தான் ஓடும். வாய்மொழி உத்தரவு போட்டு வேலை வாங்கப் பார்த்தால் முதல் கணக்காய்வு ஐயவினாவில் தெரியும், கையொப்பம் உங்களுடையது. ஆணையாளரோடு எந்தெந்த அதிகாரம் யாரிடம் என்பதை முதல் கிழமையிலேயே எழுத்தில் பிரித்துக்கொள்ளுங்கள். முதல்வரும் ஆணையாளரும் கோபித்துக்கொண்டால் குப்பை வண்டிக்கு டீசல் அடிக்கும் உறுதிச்சீட்டே மேசையில் நின்றுவிடும்.

சனம் முதலில் கொண்டு வருவது மூன்று: விளக்கு, வடிகான், குப்பை.

கல்லடியில் ஓர் ஒழுங்கையில் வீதி விளக்கு எரியவில்லை என்று வைப்போம். கம்பம் மின்சார சபையுடையது, விளக்கு மாநகர சபையுடையது. பழுது விளக்கிலா, இணைப்பிலா என்பதைப் பார்க்காமல் புது விளக்கு வாங்கினால் மறுகிழமையும் இருட்டுத்தான். முறைப்பாட்டுக் கொப்பியில் கம்ப இலக்கத்தையும் எழுதச் சொல்லுங்கள். கம்ப இலக்கம் இருந்தால் ஒரு வாகனம் ஒரே பயணத்தில் பத்து விளக்கைப் பார்த்து வரும்.

வடிகான் இன்னும் சிக்கல். மாரி மழை ஒக்டோபர் கடைசியில் பிடித்தால் ஜனவரி வரை விடாது. கோட்டைமுனைப் பக்கம் நீங்கள் வடிகானை அடிமட்டம் வரை துப்புரவாக்கியிருந்தாலும், அது பிரதான வீதியைக் கடக்கும் மதகு வீதி அபிவிருத்தி அதிகார சபையுடையது. மதகுக்குள் பொலித்தீனும் மண்ணும் இறுகியிருந்தால் தண்ணீர் திரும்பி வீட்டு முற்றத்துக்கு ஏறும். ஏச்சு உங்களுக்குத்தான். ஓகஸ்டிலேயே மதகுகளின் பட்டியலோடு அவர்களுக்குக் கடிதம் அனுப்புங்கள். செப்டெம்பரில் நேரில் போய்ப் பார்த்துப் படம் எடுத்து வையுங்கள். வாவி மட்டம் ஏறிவிட்டால் எந்த வடிகானும் ஓடாது. முகத்துவாரத்தை (வாவி கடலோடு சேரும் வாயை) வெட்டினால்தான் வடியும். அதை வெட்டுவது உங்கள் தீர்மானம் அல்ல, மாவட்ட மட்டத்தில் எடுப்பது. வாவிக்கு மேற்கே படுவான்கரை வயல்காரருக்கு ஒரு தேவை, வாவி மீனவருக்கு வேறொரு தேவை. அந்தக் கூட்டத்துக்கு நகரத்தின் நீர்மட்ட விபரத்தோடு போங்கள், வெறுங்கையோடு போக வேண்டாம்.

முன்பு குப்பை கொட்டிய திருப்பெருந்துறையில் மக்கள் பட்ட பாடு ஊருக்கே தெரியும். கொடுவாமடுக் குப்பைத் தளம் உங்கள் எல்லைக்கு வெளியே இருக்கிறது. பக்கத்துப் பிரதேச சபையோடு உறவு கெட்டால் உங்கள் குப்பைக்கு வழி இல்லை. தரம் பிரித்து வாங்குவதில் தளர்வு காட்டாதீர்கள். ஈரக் குப்பையோடு பொலித்தீன் கலந்து போனால் உரமாகவும் ஆகாது, விற்கவும் முடியாது.

குடிநீர் நீர் வழங்கல் சபையுடையது. கல்லடிப் பாலமும் பிரதான வீதியும் வீதி அபிவிருத்தி அதிகார சபையுடையவை. பாடசாலையும் பொலிசும் உங்களிடம் இல்லை. இவற்றுக்காக வாக்குறுதி கொடுத்துவிட்டு வந்திருந்தால், முதல் மாதத்திலேயே மக்களிடம் உள்ளதைச் சொல்லிவிடுங்கள்.

9. வருமானமும் பாதீடும்

சோலை வரி (வீடு, கட்டட, காணி வரி), வியாபார அனுமதிப்பத்திரக் கட்டணம், சந்தைக் கடை வாடகை, கட்டட அனுமதிக் கட்டணம் ஆகியவை சபையின் சொந்தப் பணம். முத்திரை வரியும் நீதிமன்றத் தண்டப்பணமும் மாகாணத்தின் ஊடாக வரும், ஆனால் பிந்தி வரும். அதை நம்பி டிசெம்பரில் ஒப்பந்தகாரருக்கு வாக்குக் கொடுக்காதீர்கள். முழு ஆண்டுச் சோலை வரியை ஜனவரி 31 க்கு முன் கட்டுபவருக்கு 10 வீதம் கழிவு உண்டு. இதை ஜனவரி முதல் கிழமையிலேயே ஒலிபெருக்கியில் வட்டாரம் வட்டாரமாகச் சொல்லுங்கள். கோயில், பள்ளிவாசல், தேவாலய அறிவித்தல்களிலும் சேர்க்கச் சொல்லுங்கள். வருடத் தொடக்கத்தில் காசு வந்தால்தான் மற்ற வேலை நகரும்.

பாதீட்டை முதல்வர் சபையில் வைக்கிறார். தோற்றால் இரண்டு கிழமைக்குள் திருத்தி மீண்டும் வைக்க வேண்டும். சபைக் காலத்தின் பிற்பாதியில் இரண்டாம் முறையும் தோற்றால் பதவி போகும். 2020 டிசெம்பரில் யாழ்ப்பாண முதல்வர் ஆர்னோல்ட் பதவி இழந்தது இப்படித்தான். ஆகவே பாதீட்டு வேலையை ஓகஸ்டில் தொடங்குங்கள். ஒவ்வொரு உறுப்பினரிடமும், எதிரணியிடமும், அவர் வட்டாரத்துக்கு வேண்டிய இரண்டு வேலையை எழுத்தில் கேளுங்கள்; முடிந்ததைச் சேருங்கள்; முடியாததுக்குக் காரணம் சொல்லுங்கள். தங்கள் ஊர் வீதி பாதீட்டுக்குள் இருக்கும்போது எதிர்த்து வாக்களிப்பவர் குறைவு.

10. பதவியில் நிற்க

முதல்வருக்குக் கிடைப்பது சம்பளம் அல்ல, மாதாந்தக் கொடுப்பனவு. 2018 சபைகளில் அது 30,000 ரூபாயாக இருந்தது. சாவு வீடு, கல்யாண வீடு, கோயில் திருவிழா என்று ஒரு மாதத்தில் அதற்கு மேல் கைச்செலவு போகும். குடும்பத்துக்கு வேறு வருமானம் இல்லாதவர் இதை முன்கூட்டியே வீட்டில் பேசி முடிவெடுங்கள். கையில் காசு இறுகும் நேரத்தில்தான் ஒப்பந்தகாரர் "சும்மா ஒரு உதவி" என்று வருவார்.

கட்சியில் இருந்து உங்களை நீக்கி, செயலாளர் கடிதம் அனுப்பினால் உறுப்பினர் பதவியே போகலாம். நீதிமன்றத்தில் எதிர்க்க வழி உண்டு, ஆனால் நாள் எடுக்கும். முறைகேடு, அதிகாரத் துர்ப்பிரயோகம் என்று முறைப்பாடு வந்தால் விசாரணை வைத்து முதல்வரை நீக்கவும் மாநகர சபைச் சட்டத்தில் இடமுண்டு. கூட்ட அறிக்கையை ஒவ்வொரு மாதமும் நீங்களே ஒரு முறை வாசித்துப் பிரதி எடுத்து வையுங்கள். உங்களைக் காப்பாற்றும் கடதாசி அதுதான்.

ஆண்டுதோறும் மார்ச் 31 இல் உள்ளபடி சொத்து, பொறுப்பு விபரத்தை ஜூன் 30 க்குள் இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவுக்குக் கொடுக்க வேண்டும். மனைவி அல்லது கணவர் பெயரில் உள்ள காணி, வங்கிக் கணக்கு, அடகில் உள்ள நகை எல்லாம் எழுதுங்கள்.

சபைக் காலம் நான்கு ஆண்டு. அமைச்சர் ஓராண்டு வரை நீடிக்கலாம், நீடிக்காமலும் விடலாம். காலம் முடிவதற்கு மூன்று மாதம் முன்பே முடியாத ஒப்பந்த வேலைகளின் பட்டியலை ஆணையாளரோடு இருந்து எழுதி முடியுங்கள். கடைசி நாளில் வாகனம், தொலைபேசி, மடிக்கணினி, முத்திரை, பெயர் அச்சிட்ட கடிதத்தாள் ஆகியவற்றைக் கையளித்து, பெற்றுக்கொண்டவரின் கையொப்பமும் திகதியும் உள்ள பற்றுச்சீட்டை வீட்டுக்குக் கொண்டு போங்கள்.